ஓடிப் போனவரும் விடைபெற்றுப் போனவரும்

ஒரு வீட்டுப் பெண்ணோ பிள்ளையோ விடியுமுன் எவரிடமும் சொல்லாமல் புறப்பட்டுப் போய்விட்டால் அந்த வீடு படும் பாட்டை நாம் அறிவோம். அன்று அடுப்பு எரிவதில்லை. தந்தை வாசலுக்கு வருவதில்லை. தாய் அழுவதா, மறைப்பதா என்று அறியாது திகைக்கிறாள். உறவினர் துக்கம் விசாரிப்பவர் போல் வந்து குறை கூறிச் செல்கின்றனர். ஆனால், அதே குடும்பத்தார் திரைப்படத்தில் ஓர் ஆணும் பெண்ணும் வீட்டை விட்டு ஓடும்போது என்ன செய்கின்றனர்? ஓடுகிறவர் அகப்பட்டுவிடக் கூடாதே என்று நெஞ்சம் படபடக்க வேண்டுகின்றனர். துரத்துகிறவர் இடறி விழுந்தால் மகிழ்கின்றனர். ஓடியவர் தப்பியதும் கைதட்டுகின்றனர். வீட்டில் பழியாக இருப்பது அரங்கில் புகழாகிவிடுகிறது.

இந்த இரண்டு மனங்களில் எது நம் உண்மையான மனம்? 'சினிமாதானே' என்று இக்கேள்வியை ஒதுக்கிவிடலாம். ஆனால் மும்மணிகளுள் நற்காட்சியை முதலாகக் கொண்ட நாம் அவ்வாறு ஒதுக்குதல் பொருந்தாது. எதைக் கண்டு ஒருவர் உருகுகிறார் என்பது, அவர் எதைப் பற்றி நிற்கிறார் என்பதைக் காட்டும் கண்ணாடியாகும். அக்கண்ணாடியில் ஒருமுறை நம் முகத்தைப் பார்த்துக்கொள்வோம்.

முட்டத்துக் கரையில் ஒரு கதை

கன்னியாகுமரி மாவட்டத்தில் மார்த்தாண்டத்தை அடுத்துள்ள சிதறால் மலை, திருச்சாரணத்து மலை என்று நம் முன்னோர் போற்றிய தலம். அதனைத் தரிசிக்க வரும் நம்மவர், நாகர்கோவில் நாகராசர் கோயில் தூண்களில் விளங்கும் பார்சுவநாதர், மகாவீரர் திருவுருவங்களையும் கண்டு, நேரம் வாய்த்தால் மேலைக் கடற்கரைக்கும் செல்வதுண்டு. குளச்சல், மண்டைக்காடு, மணவாளக்குறிச்சி, கடியபட்டினம், முட்டம் என ஊர்கள் அக்கரையில் அடுத்தடுத்து அமைந்துள்ளன.

மணவாளக்குறிச்சிக்குக் கிழக்கே சிறிது தொலைவில், கலங்கரை விளக்கமும் பெரும்பாறைகளும் உள்ள முட்டத்தில்தான் பாரதிராஜாவின் 'அலைகள் ஓய்வதில்லை' படமாக்கப்பட்டது. 1981-ல் வெளிவந்த அப்படத்தில் ஓர் அந்தண இளைஞனும் ஒரு கிறித்தவப் பெண்ணும் காதலிக்கின்றனர். இரு வீட்டாரும் எதிர்க்கின்றனர், ஊரும் எதிர்க்கிறது. இறுதியில் அவன் பூணூலையும் அவள் சிலுவையையும் களைந்துவிட்டு இருவரும் போய்விடுகின்றனர். கார்த்திக், ராதா ஆகிய இருவருக்கும் அதுவே முதற்படம். அறியாத முகங்களாக இருந்தமையால் பார்த்தவருக்கு அவர்கள் நடிகராகத் தோன்றவில்லை. அடுத்த வீட்டுப் பிள்ளைகளாகவே தோன்றினர். முட்டம் என்ற மீனவர் ஊரின் பெயர் தமிழகமெங்கும் பரவியதற்கு அப்படமும் ஒரு காரணம்.

அதற்கு மூன்றாண்டு முன்னர், 1978-ல் அதே இயக்குநரின் 'கிழக்கே போகும் ரயில்' வந்தது. அங்கும் ஊரே துரத்திவர, காதலர் இருவரும் ஓடி இரயிலைப் பிடிக்கின்றனர். இரயில் நகர்கிறது, படம் முடிகிறது. திரைப்பட ஓட்டங்கள் பெரும்பாலும் இப்படித்தான் முடிகின்றன. இரயில் எந்த ஊரில் நின்றது, இறங்கியவர் அன்றிரவு எங்கே உறங்கினர், மறுநாள் சோற்றுக்கு என்ன செய்தனர் என்பவற்றை நாம் கேட்பதில்லை. கேட்பதற்குள் அரங்கில் விளக்கு எரிந்துவிடுகிறது.

ஏன் பிடிக்கிறது?

இக்கவர்ச்சிக்கு மூன்று காரணங்களைக் கூறலாம்.

முதலாவது, நம் ஒவ்வொருவர் உள்ளத்திலும் திறக்கப்படாத ஒரு கதவு இருக்கிறது. படிக்க விரும்பியதைப் படிக்காதவர், விரும்பாத தொழிலில் முப்பது ஆண்டு கழித்தவர், கேட்க நினைத்ததைத் தந்தையிடம் கடைசிவரை கேளாதவர் என நம்மிடையே எத்தனையோ பேர். திரையில் ஒருவன் ஓடும்போது, நாம் ஓடாத ஓட்டத்தை அவன் நமக்காக ஓடுகிறான். அதற்கு நாம் கொடுக்கும் விலை நுழைவுச் சீட்டின் விலை மட்டுமே.

இரண்டாவது, ஓடும் கணத்தில் வாழ்க்கை எளிதாகிவிடுகிறது. கடன், கடமை, உறவு, ஊர்ப்பேச்சு ஆகிய அத்தனை சிக்கல்களும் நீங்கி, முன்னே ஒரு வழியும் பின்னே ஒரு பகையும் மட்டும் எஞ்சுகின்றன. மனம் அந்த எளிமைக்கு ஏங்குகிறது.

மூன்றாவது, திரைக்கதை மூத்தோரைக் கொடியவராக்கிவிடுகிறது. அரிவாள் ஏந்திய அண்ணனும் மீசை முறுக்கும் தந்தையும் துரத்தும்போது ஓடுகிறவர் பக்கமே நியாயம் நிற்கிறது. இரவெல்லாம் கண்விழித்து மகளின் காய்ச்சலுக்கு ஈரத்துணி போட்ட தந்தையை அங்கே நாம் காண்பதில்லை.

ஆனால் எல்லாப் படங்களும் இவ்வாறு கண்ணை மூடிக்கொள்வதில்லை. 1967-ல் வந்த 'தி கிராஜுவேட்' என்ற அமெரிக்கப் படத்தில், திருமணச் சடங்கு முடிந்த தறுவாயில் மணமகளை அழைத்துக்கொண்டு ஓடும் இளைஞன் அவளோடு பேருந்தில் ஏறி அமர்கிறான். இருவரும் சிரிக்கின்றனர். இயக்குநர் அத்துடன் நிறுத்தவில்லை. காட்சியைச் சற்று நீள விடுகிறார். சிரிப்பு மெல்ல மறைகிறது, 'இனி என்ன?' என்ற கேள்வி இரு முகங்களிலும் படர்கிறது. பிரெஞ்சு இயக்குநர் த்ருஃபோவின் 1959-ஆம் ஆண்டுப் படத்தில் சீர்திருத்தப் பள்ளியிலிருந்து தப்பிய சிறுவன் ஓடி ஓடிக் கடற்கரையை அடைகிறான். அதற்கு மேல் ஓட நிலமில்லை. அலையில் கால் நனைத்துத் திரும்பி நம்மைப் பார்க்கிறான். படம் அப்பார்வையில் உறைந்து நிற்கிறது.

தமிழிலும் 2004-ல் வந்த 'காதல்', மதுரையிலிருந்து சென்னைக்கு ஓடிய இருவருக்குப் பின்னர் நேர்ந்ததைக் காட்டிற்று. பெண் வீட்டார் வஞ்சித்து அழைத்துவந்து தாலியைப் பறிக்கின்றனர். அவன் அறிவு பேதலித்துத் தெருவில் அலைகிறான். இறுதியில் அவனைப் பேணும் பொறுப்பை ஏற்பவன் அவளை மணந்த கணவனே. 2009-ன் 'நாடோடிகள்' மற்றொரு பக்கத்தைக் காட்டிற்று. ஓடிப்போகும் இருவருக்கு உதவச் சென்ற நண்பர்களில் ஒருவன் காலை இழக்கிறான். ஒருவன் செவிப்புலனை இழக்கிறான். ஓடியவரோ சில நாளில் சலித்துப் பிரிந்துவிடுகின்றனர். ஓட்டத்தின் விலையை ஓடியவர் மட்டும் கொடுப்பதில்லை என்பதை இப்படங்கள் உணர்த்தின. கைதட்டலோடு வந்தவர் கனத்த நெஞ்சோடு திரும்பினர்.

பழந்தமிழில் ஓடியவர்

சினிமா வந்துதான் இப்பழக்கத்தைக் கற்றுக்கொடுத்தது என்று சிலர் சொல்வர். அது சரியன்று. சங்க இலக்கியத்தின் அகத்திணையில் உடன்போக்கு என்பது ஓர் ஒழுக்கமாகவே பாடப்பட்டுள்ளது. தலைவி தலைவனோடு பாலை வழியே போய்விடுகிறாள். செவிலித்தாய் அழுதுகொண்டே தேடிச் செல்கிறாள். கலித்தொகையின் பாலைக்கலியில் அவ்வாறு தேடிச் செல்லும் செவிலி, எதிரே வந்த முக்கோல் ஏந்திய துறவியரை வினவுகிறாள். அவர்கள் அவளைக் கடியவுமில்லை, ஓடியவரை இகழவுமில்லை. மலையில் பிறந்தாலும் சந்தனம் பூசுபவர்க்கே பயன்படும், கடலில் பிறந்தாலும் முத்து அணிபவர்க்கே பயன்படும், யாழில் பிறந்தாலும் இசை கேட்பவர்க்கே பயன்படும் என்று எடுத்துக்காட்டி, உன் மகளும் அத்தகையவளே என ஆற்றுகின்றனர். துறந்தோர் வாயால் தாயை ஆற்றுவித்த அப்புலவரின் உள்ளம் எண்ணத்தக்கது.

நமக்கு இன்னும் நெருங்கிய கதை சிலப்பதிகாரம். கோவலனும் கண்ணகியும் காதலித்து ஓடியவர் அல்லர், மணம் முடித்தவர். எனினும் பொருளிழந்த வெட்கத்தால் பெற்றோரிடம் ஒரு சொல்லும் சொல்லாமல், பொழுது புலருமுன் புகாரை விட்டு வெளியேறினர். அவ்வழியில் அவர்களுக்குத் துணையாக வந்தவர் நம் சமயத்துத் துறவியான கவுந்தியடிகள்.

அடிகள் செய்ததைக் கூர்ந்து நோக்க வேண்டும். இந்த இளவயதில் வீட்டை விட்டுப் புறப்பட்ட காரணம் என்ன என்று ஒருமுறை கேட்கிறார். அதற்கு விடையில்லை, மதுரை சென்று பொருளீட்ட விரும்புகிறேன் என்று மட்டும் கோவலன் கூறுகிறான். அடிகள் துருவிக் கேட்கவில்லை. வழியின் கடுமையை எடுத்துரைத்து, கண்ணகியின் மெல்லடிகள் இதனைத் தாங்கா என்று இரங்கி, தாமும் மதுரை அறவோரிடம் அறங்கேட்க விரும்பியிருந்ததைச் சொல்லி உடன் நடக்கிறார். வழியில் இருவர் இவர்களை யார் என்று ஏளனமாக வினவியபோது, என் மக்கள் என்று விடையளிக்கிறார். பின்னர் மதுரைப் புறஞ்சேரியில் மாதரி என்னும் இடைக்குல மூதாட்டியிடம் கண்ணகியை அடைக்கலமாக ஒப்படைக்கிறார். 1964-ல் வந்த 'பூம்புகார்' படத்தில் கே.பி. சுந்தராம்பாள் இப்பாத்திரத்தை ஏற்று நடித்ததை மூத்தோர் பலர் நினைவிற் கொண்டிருப்பர். வீட்டை விட்டுப் போனவரோடு நடந்துசென்ற சமணத் துறவியைத் தமிழகம் திரையிலும் கண்டது.

சொல்லாமல் போனதன் வடு கோவலனை விடவில்லை. குரவரைக் கேளாது இரவில் புறப்பட்டது பற்றி மாதவி எழுதிய ஓலை வழியில் வந்து சேர்ந்தபோது, அதன் வாசகம் தன் பெற்றோரிடம் தான் கேட்க வேண்டிய மன்னிப்பாகவே இருக்கக் கண்டு, அதே ஓலையை அவர்களுக்கு அனுப்புகிறான். காலம் கடந்துவிட்டது. கோவலன் இறந்த செய்தி புகாரை அடைந்தபின் அவன் தந்தையும் கண்ணகியின் தந்தையும் துறவு பூண்டனர். இரு தாயரும் உயிர் நீத்தனர். ஒரு வைகறையில் சொல்லப்படாமல் போன சில சொற்கள் இரண்டு வீடுகளையும் வெறுமையாக்கின. திரைப்படம் மறைக்கும் அந்த மறுநாளைக் காப்பியம் மறைக்கவில்லை.

விடை கேட்டுப் போதல்

இனி நம் மரபின் உள்ளே வருவோம். அயலார் சிலர் நம்மை நோக்கிக் கேட்கக் கூடும்: 'உங்கள் தீர்த்தங்கரர்களும் வீட்டை விட்டுப் போனவர்கள்தாமே?' ஆம், போனவர்களே. ஆனால் எவ்வாறு போயினர் என்பதில்தான் வேறுபாடு உள்ளது.

மகாவீர பகவான் தம் முப்பதாம் வயதில் துறந்தபோது இரவில் மறைந்து செல்லவில்லை. சந்திரபிரபை என்னும் பல்லக்கில் ஊரார் காண ஊர்வலமாகச் சென்றே துறவு பூண்டார். குந்தகுந்தாசாரியர் பிரவசனசாரத்தின் மூன்றாம் பகுதியில், துறவு பூண விரும்புவோன் முதலில் சுற்றத்தாரிடம் விடை கேட்க வேண்டும். மூத்தோர், மனைவி, மக்கள் ஆகியோரால் விடுவிக்கப்பட்டவனாகச் செல்ல வேண்டும் என்று விதிக்கிறார். பொன்னூர் மலையோடு நாம் இணைத்துப் போற்றும் ஆசாரியரின் விதி இது. அதற்கு உரை வகுத்த அமிர்தசந்திரர், போகின்றவன் தந்தை, தாய், மனைவி, மகன் ஒவ்வொருவரையும் தனித்தனியே விளித்துப் பேசுவதாகவே அமைத்துள்ளார். ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்துச் சொல்ல வேண்டும் என்பதன்றோ அதன் கருத்து!

இவ்விதியின் நுட்பத்தை உணர்தல் வேண்டும். விடை கேட்பது வேறு. தீர்ப்புக்காகக் காத்து நிற்பது வேறு. சுற்றத்தார் அனைவரும் மனமுவந்து இசைந்த பின்னரே புறப்படுவது என்றால் உலகில் எவரும் துறந்திருக்க மாட்டார். முடிவு போகின்றவனுடையது. ஆனால் அம்முடிவை அவர்கள் முன்னிலையில் சொல்லி, அவர்கள் அழுவதைக் கண்டு, அவர்கள் கேட்பதற்கு விடையளித்து, அதன் பின்னரும் அது நிலைக்கிறதா என்று பார்க்க வேண்டும். கடனுக்கு அஞ்சியோ, சண்டைக்கு அஞ்சியோ துறப்பவன் இச்சோதனையில் நிற்க மாட்டான். காவி கட்டினாலும் பீலி ஏந்தினாலும் அவன் ஓடிப்போனவனே.

பௌத்த மரபில் சித்தார்த்தர் மனைவியும் மகனும் உறங்கும்போது நள்ளிரவில் சென்றார். ஆனால் பின்னாளில் பேரன் இராகுலனுக்கும் துறவு அளிக்கப்பட்டபோது, முதிய தந்தை சுத்தோதனர் மனம் நொந்து வேண்ட, பெற்றோர் இசைவின்றி இளையோருக்குத் துறவு அளித்தலாகாது என்று புத்தரே விதி செய்தார். ஒரு தந்தையின் கண்ணீரிலிருந்து ஒரு விதி பிறந்தது.

பகவான் நேமிநாதர் வரலாறு இவ்விடத்தில் நம் நெஞ்சை இன்னும் ஆழமாகத் தொடுவது. திருமலையில் 16 அடிக்கு மேற்பட்ட உயரத்தில் மலைப்பாறையில் நிற்கும் அப்பெருமான், மணக்கோலத்தோடு தேரில் சென்றவர். வழியில் அடைத்து வைக்கப்பட்ட விலங்குகளின் ஓலம் கேட்டார். எதற்காக இவை என்று வினவினார். திருமண விருந்துக்காக என்ற விடை வந்தது. மணவாளனாகச் சென்றவர் தேரைத் திருப்பினார்.

இராசமதியைத் தவிக்க விட்டாரே, அது தகுமா என்று கேட்பவர் உண்டு. கேட்கத் தக்க கேள்விதான். அவளுடைய துயரை நம் நூல்கள் மறைக்கவில்லை. ஆனால் மூன்றைக் கருத வேண்டும். அவர் சென்றது பட்டப்பகலில், இரு வீட்டாரும் காண. அவரைத் திருப்பியது தம் இன்பத்தின் மீதான ஆசையன்று. பிற உயிர்களின் துன்பம். மேலும் அவர் சென்ற வழி அவளுக்கு அடைக்கப்பட்ட வழியன்று; அவளும் அவ்வழியே சென்று ஆரியாங்கனையானாள்.

இதற்கு ஓரளவு இணையாக ஒரு திரைப்படத்தையும் சுட்டலாம். 1995-ல் வெளிவந்து மும்பை அரங்கு ஒன்றில் பல்லாண்டு ஓடிய 'தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே' என்ற இந்திப் படத்தில் பெண்ணின் தாயே நகைகளைக் கையில் கொடுத்து, இவளை அழைத்துக்கொண்டு ஓடிவிடு என்கிறாள். இளைஞன் மறுத்துவிடுகிறான். இறுதியில் தந்தையே மகளின் கையை விடுவித்துப் போ என்கிறார். அதன் பின்னரே அவள் ஓடி இரயிலைப் பிடிக்கிறாள். 1978-ன் இரயிலும் 1995-ன் இரயிலும் ஒன்றல்ல. பெண்ணின் முடிவு முழுவதும் தந்தையின் கையில் விடப்பட்டதே என்ற குறை அப்படத்திற்கு உண்டு. ஆயினும் ஓடுவதைவிட நின்று கேட்பதற்கே மிகுந்த துணிவு வேண்டும் என்பதை அது கோடிக்கணக்கானோர் உள்ளத்தில் பதித்தது.

கயிற்றில் ஒட்டிய மணல்

மணவாளக்குறிச்சி மணலைப் பற்றிய ஒரு செய்தி இங்கே பொருந்தும். 1909-ல் ஷோம்பெர்க் என்னும் ஜெர்மானியர், திருவிதாங்கூரிலிருந்து ஏற்றுமதியான தென்னங்கயிற்றில் ஒட்டியிருந்த மணலை ஆராய்ந்து, அதில் மோனசைட் என்ற அரிய தாது இருப்பதைக் கண்டறிந்தார். அத்தாதுவிலுள்ள தோரியம் அந்நாளில் எரிவாயு விளக்கின் வலைகளுக்குத் தேவைப்பட்டது. அதனைத் தேடி வந்தவர்களால் மணவாளக்குறிச்சியில் மணல் பிரிக்கும் தொழில் தொடங்கிற்று. இன்றும் அங்கே நடுவண் அரசு நிறுவனம் ஒன்று அத்தொழிலை நடத்திவருகிறது. கயிற்றை வாங்கியவர் மணலைக் கேட்கவில்லை. விற்றவர் அனுப்ப நினைக்கவுமில்லை. கயிறு கடல் கடந்தபோது மணலும் உடன் சென்றது.

உயிரும் வினையும் சேர்வதை நம் ஆசாரியர்கள் இவ்வாறே விளக்குவர். மனம், மொழி, மெய் ஆகியவற்றின் இயக்கத்தால் வினைத்துகள்கள் உயிரினுள் ஊறுகின்றன. சினம், செருக்கு, வஞ்சம், பேராசை என்னும் நான்கு கஷாயங்களின் பசையால் அவை ஒட்டிக்கொள்கின்றன. ஊரை விட்டு ஓடுவதால் அவை உதிர்வதில்லை. பெற்றோர் மீதுள்ள சினம், அவர்களை வென்றோம் என்ற செருக்கு, மறைத்துச் சென்ற வஞ்சம், இன்பத்தின் மேல் வேட்கை ஆகிய நான்கும் ஓடுகிறவனோடு இரயில் ஏறுகின்றன. புதிய ஊரில் புதிய வீட்டில் அவையே முதலில் குடியேறுகின்றன. துறவி வீட்டை விடுவதற்கு முன் பற்றை விடுகிறான். ஓடுபவன் வீட்டை மட்டும் விடுகிறான். திரையில் இருவரும் ஒரே திசையில் நடப்பதாகத் தோன்றுவதால்தான் நம் உள்ளம் ஏமாறுகிறது. விடுதலைக்கு ஏங்குவது உயிரின் இயல்பு. அந்த ஏக்கம் பொய்யன்று. அதற்குத் திரை காட்டும் வழியே பொய்.

ஆனால் இத்துடன் நிறுத்திக்கொண்டால் நாம் பாதி உண்மையையே சொன்னவராவோம். துரத்துகின்றவரிடம் கஷாயம் இல்லையா? அந்நான்கும் அவரிடமும் உண்டு. சில வேளைகளில் இருமடங்காகவே உண்டு. குலச்செருக்கும் சாதிச்செருக்கும் நற்காட்சியை மாசுபடுத்தும் எட்டு மதங்களுள் அடங்கும் என்று இரத்தினகரண்டகமும், அதன் வழியில் தமிழில் எழுந்த அருங்கலச்செப்பும் கூறுகின்றன. பிறப்பால் மிகத் தாழ்ந்தவர் என்று உலகத்தாரால் ஒதுக்கப்பட்டவரும் நற்காட்சி உடையவராயின் தெய்வமாக மதிக்கத்தக்கவர் என்றும் அந்நூல்கள் அறைகின்றன. இவற்றை ஓதிக்கொண்டே, மகள் ஒரு பெயரைச் சொன்னவுடன் 'எந்தச் சாதி?' என்று கேட்டுக் கையோங்கும் வீட்டில், விடை கேட்பதற்கு இடம் ஏது?

விரட்டப்பட்டவள்

நம் ஜினாலயங்களில் நேமிநாதருக்கு அருகே நாம் வணங்கும் தருமதேவி யார்? அம்பிகை என்றும் கூஷ்மாண்டினி என்றும் வழங்கும் அவ்வியக்கி முற்பிறப்பில் அக்னிலை என்னும் இல்லத்தரசி. நீத்தார் கடன் நாளில் சமைத்த உணவை, வாயிலில் வந்த முனிவருக்கு அன்போடு அளித்தாள். அதற்காகக் கணவன் சினந்து அவளை வீட்டினின்றும் வெளியேற்றினான். இரு சிறு மக்களோடு அவள் மலையை நாடிச் சென்றாள். பின்னர் மனந்திருந்தி அழைக்க வந்த கணவனைக் கண்டபோது, அவன் தன்னைத் துன்புறுத்தவே வருகிறான் என்று அஞ்சி மலையினின்றும் வீழ்ந்தாள் என்று கதை கூறும். சில கூறுகள் மாறினும் கதையின் உயிர் இதுவே.

இக்கதையை நாம் பக்தியோடு கேட்டிருக்கிறோம். அதன் கூர்மையை உணர்ந்தோமா? கணவன் அன்போடுதான் வந்தான். ஆனால் அவ்வன்பை நம்ப முடியாத அளவுக்கு அவன் முன்னர் காட்டிய சினம் அவள் உள்ளத்தை அச்சத்தால் நிறைத்திருந்தது. அவளை 'ஓடிப்போனவள்' என்று சொல்ல நம்மில் யாருக்கேனும் வாய் வருமா? அவள் விரட்டப்பட்டவள். நம் முன்னோர் அவளைப் பழிக்கவில்லை, காவல் தெய்வமாக்கினர். விரட்டியவன் அவளுடைய ஊர்தியான சிங்கமானான் என்பர்.

ஆகவே வீட்டை விட்டுப் போனவர் அனைவரையும் ஒரே பெயரால் அழைத்தல் நற்காட்சியாகாது. விடைபெற்றுப் போனவர் உண்டு; வேட்கையால் ஓடிப்போனவர் உண்டு; விரட்டப்பட்டுப் போனவர் உண்டு. திரைப்படம் மூவரையும் ஒருவராக்கிக் கைதட்ட வைக்கிறது. ஊர்வாய் மூவரையும் ஒருவராக்கித் தூற்றுகிறது. இரண்டும் ஒரே பிழைதான்.

இல்லத்தார் கடமை

நம் சமுதாயம் எண்ணிக்கையில் சிறியது. ஒரு பிள்ளை வெளியே போனால் ஒரு விளக்கு அணைந்தாற்போல் நாம் வருந்துவது இயல்பே. அவ்வருத்தத்தில் பிழையில்லை. ஆனால் பூட்டினால் எவரையும் வைத்திருக்க இயலாது. பூட்டு உள்ள இடத்தில்தான் இரவுப் பயணம் பிறக்கிறது. விடை கேட்பது இளையோர் அறம் என்றால், கேட்கும் சொல்லைச் செவிமடுப்பது மூத்தோர் அறம். ஒன்றில்லாமல் மற்றொன்று நில்லாது. மகன் மருத்துவம் வேண்டாம், ஓவியம் பயில்கிறேன் என்றாலும், மகள் இத்திருமணம் வேண்டாம் என்றாலும், முதல் நாளே மறுப்புரை கூறாமல் முழுவதும் கேட்கும் பொறுமை அகிம்சையின் ஒரு பகுதியே. சொல்லாலும் உயிரை வதைக்கலாகாது என்பது நமக்குத் தெரியாத பாடமன்று.

இளையோருக்கும் ஒன்று கூற வேண்டும். வயது வந்த இருவர் தம் துணையைத் தாமே தேர்ந்துகொள்ளக் குடும்பத்தின் இசைவோ சமூகத்தின் இசைவோ தேவையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2018 மார்ச்சு 27 அன்று தெளிவாகத் தீர்ப்பளித்தது. அச்சுறுத்தலுக்கு உள்ளாகும் இணையருக்குப் பாதுகாப்பு இல்லங்கள் அமைக்கவும் அறிவுறுத்தியது. உரிமை உங்களுடையது. ஆயினும் உரிமை இருப்பதனால் விடை கேட்கும் கடன் நீங்கிவிடாது. ஒருமுறையேனும் பகலில், முகம் பார்த்துச் சொல்லுங்கள். மறுத்தால் மீண்டும் சொல்லுங்கள். அதன் பின் போவதாயினும், போகிறேன் என்று சொல்லிப் போங்கள். கோவலன் ஓலை வழியே அனுப்பிய சொற்களை நீங்கள் நேரில் சொல்லலாம்.

இதற்கு ஒரு விலக்கு உண்டு. கேட்டால் உயிருக்கே ஆபத்து என்ற நிலை இருக்குமானால், ஓடுவதே அறம். 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டை பேருந்து நிலையத்தருகே பட்டப்பகலில் ஓர் இளைஞர் வெட்டிக் கொல்லப்பட்டதை நாடே கண்டது. அவர் செய்த குற்றம் வேறு சாதிப் பெண்ணை மணந்தது மட்டுமே. அத்தகைய இடத்தில் விடை கேட்கச் சொல்வது கொலைக்குத் துணைபோவதாகும். உயிரைக் காப்பதே முதல் அறம். அவ்வாறே வீட்டில் அடிக்கு அஞ்சியோ, சினிமா ஆசையாலோ ஓடிவந்த சிறுவர் எவரையேனும் இரயில் நிலையத்தில் கண்டால், விசாரித்து விரட்டாமல் 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணுக்குத் தெரிவித்து, உதவி வரும்வரை அருகில் இருப்பது நம்மால் இயன்ற அபயதானம்.

போனவர் திரும்பி வந்தால்? அங்கேதான் கவுந்தியடிகள் நமக்கு ஆசிரியர். காரணத்தை ஒருமுறை கேட்டு, விடை வராதபோது துருவாமல், வழியின் முள்ளைச் சொல்லி, உடன் நடந்து, ஏளனம் செய்தவர் முன் 'என் மக்கள்' என்று சொன்னவர் அவர். போனவர் பெயரை வீட்டில் உச்சரிக்கக் கூடாது என்று ஆணையிடும் தந்தையரும், பேரக் குழந்தையின் முகத்தைப் பார்க்காமலே கண் மூடிய பாட்டியரும் நம் ஊர்களில் இல்லாமலில்லை. அவர்கள் காத்தது மானம் அன்று. மானம் என்னும் கஷாயம்.

சிதறால் மலையில் 9-ஆம் நூற்றாண்டு ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணன் காலத்துக் கல்வெட்டு ஒன்று உள்ளது. அரிட்டநேமி அடிகளின் மாணாக்கியான குணந்தாங்கிக் குரத்திகள் அங்குள்ள பகவதிக்குப் பொன் அணிகலன் அளித்த செய்தியை அது கூறுகிறது. குரத்தி என்றால் பெண் ஆசிரியர். அவரும் ஒருநாள் ஒரு வீட்டினின்றும் புறப்பட்டவரே. அவரைத் தேடி எவரும் அரிவாளோடு வரவில்லை. அவர் பெயர் கல்லில் நிலைத்தது. விடைகொடுத்த ஒரு வீடு அவருக்குப் பின்னே இருந்திருக்க வேண்டும் என்று எண்ணத் தோன்றுகிறது.

திரையில் ஓடுகிறவரைக் கண்டு இனியும் நம் நெஞ்சு துடிக்கலாம், அதில் குற்றமில்லை. ஆனால் அரங்கை விட்டு வெளியே வரும்போது, நம் வீட்டில் ஒருவர் பகலில் நின்று விடை கேட்க வழி இருக்கிறதா என்று நம்மை நாமே வினவிக்கொள்வோம். அவ்வழி இருக்கும் வீட்டிலிருந்து எவரும் இரவில் போக வேண்டியதில்லை. போனவரும் பகலிலேயே திரும்பி வரலாம்.

எல்லா உயிர்களும் அச்சம் நீங்கி வாழ்க! அருகன் அறம் ஓங்குக!